அவர் முழங்காலைப் பற்றி நான் எழுதிய வரி

மூன்று வருடங்களுக்கு முன்பு, பொங்கல் கழிந்த முதல் ஞாயிற்றுக்கிழமை. சிதம்பரத்தில் ரயில் நிலையத்தைத் தாண்டி ஒரு பள்ளிக்கூட மைதானத்தில் கபடிப் போட்டி நடந்தது. நான் அப்போது கடலூரில் ஒரு நாளிதழின் மாவட்ட நிருபர். விளையாட்டுச் செய்திக்கு வழக்கமாகப் போகிறவர் ஊருக்குப் போயிருந்ததால் என்னை அனுப்பினார்கள்.

விழாக்குழுக்காரர் ஒருவர் என்னைப் பார்த்ததும் பதறிப்போய் ஒரு பிளாஸ்டிக் நாற்காலியைத் தூக்கிக்கொண்டு வந்தார். "கூட்டத்துல ஒக்காந்தா ஒங்களுக்குச் சங்கடம் மேடம், இங்க நெழலா இருக்கும்" என்று மேடைக்குப் பின்னால், ஜெனரேட்டர் பக்கத்தில் போட்டுவிட்டுப் போய்விட்டார். மைக் சத்தத்தைத் தவிர வேறெதுவும் காதில் விழாது. ஆடுகளத்தை முன்னிருந்து பார்க்க முடியாது, பக்கவாட்டில்தான் தெரியும். ஆனால் அணிகள் வந்த வேன்கள் நின்ற இடம் நேர் எதிரே இருந்தது. கூட்டத்தில் உட்கார்ந்திருந்த ஆயிரம் பேர் பார்க்காத ஒன்றை நான் பார்த்ததற்கு இந்த நாற்காலிதான் காரணம்.

எங்கள் பத்திரிகையில் உள்ளூர்க் கபடிச் செய்திக்கு எட்டு வரி இடம் உண்டு. கோப்பை எந்த ஊருக்கு, வழங்கியவர் யார், முன்னிலை வகித்தவர்கள் யார் யார் என்று எழுதினால் அதிலேயே ஆறு வரி போய்விடும். மீதி இரண்டு வரியில் ஆட்டக்காரர் பெயர் ஏதாவது வந்தால் அது ரைடர் பெயராக இருக்கும். பாடிக்கொண்டு எதிரணிக்குள் போய், தொட்டுவிட்டுத் திரும்பி வருகிறவர் அவர். கைதட்டலும் அவருக்குத்தான்.

அன்று என் கண்ணில் பட்டவர் ரைடர் இல்லை. கவர் ஆட்டக்காரர். கபடி அவ்வளவாகத் தெரியாதவர்களுக்காகச் சொல்கிறேன். தடுக்கும் அணியில் ஓரத்தில் நிற்பவர் கார்னர். உள்ளே வந்த ரைடரின் கணுக்காலைப் பிடிப்பது பெரும்பாலும் அவர்தான். பிடித்தால் மட்டும் போதாது. பிடிபட்டவர் காலை இழுத்துக்கொண்டே நடுக்கோட்டைத் தொட்டுவிட்டால் எல்லாம் வீண். கார்னருக்கு அடுத்தாற்போல் நிற்கும் கவர் ஆட்டக்காரர் அந்த நேரத்தில் குறுக்கே பாய்ந்து, தன் உடம்பை ரைடருக்கும் கோட்டுக்கும் நடுவில் போட வேண்டும். முழு வேகத்தில் வரும் எண்பது கிலோ ஆளை மார்பிலும் முழங்காலிலும் வாங்க வேண்டும். பிடி நின்றுவிட்டால் புள்ளி காலைப் பிடித்த கார்னர் பெயரில் எழுதப்படும்.

அந்த அரையிறுதியில் முதல் பாதி முடிவதற்குள் ஐந்து முறை அப்படி நடந்தது. ஐந்திலும் குறுக்கே விழுந்தவர் ஒரே ஆள். மைக்கில் வர்ணனை செய்தவர் ஐந்து முறையும் "புடிச்சாரு பாரு நம்ம கார்னரு!" என்றே கத்தினார். அந்தக் கவர் ஆட்டக்காரரைப் பற்றி அவர் சொன்னது ஒன்றே ஒன்றுதான்: "எப்பவும் லெஃப்ட்டுல நிக்கிற நம்ம கவரு இன்னிக்கி ரைட்டுல நிக்கிறாரு, என்னா ரகசியமோ, பொண்ணு வூட்டுக்காரங்க அந்தப் பக்கம் ஒக்காந்திருக்காங்களோ!" கூட்டம் சிரித்தது.

காரணம் எனக்குத் தெரிந்தது. ஆட்டம் தொடங்கும் முன்பும் இடைவேளையிலும் அவர் வேனுக்குப் பின்னால் போய், கால்சட்டையைத் தொடை வரை சுருட்டி, நீளமாகக் கிழித்த சைக்கிள் டியூப் ஒன்றை இடது முழங்காலில் சுற்றினார். ஒன்பது சுற்று. எண்ணினேன். மேலே ஒரு துணிக்கட்டு, அதற்கும் மேலே கால்சட்டை. இடப்பக்கம் நிற்பவர் உள்ளே பாய இடது காலை ஊன்றி உந்த வேண்டும். வலப்பக்கம் நின்றால் வலது காலால் உந்தலாம். அவர் தரையிலிருந்து எழும்போதெல்லாம் வலது கையை ஊன்றியே எழுந்தார் என்பதும் அதற்குப் பிறகு கண்ணில் பட்டது.

இரண்டாம் முறை சுற்றிக்கொண்டு நிமிர்ந்தபோது அவர் என்னைப் பார்த்துவிட்டார். என் கையில் குறிப்பு நோட்டு திறந்திருந்தது. ஒரு நொடி நின்றார். பிறகு கால்சட்டையை இறக்கிவிட்டுச் சிரித்தார். அந்தச் சிரிப்பை நான் அனுமதி என்று எடுத்துக்கொண்டேன்.

அரையிறுதி முடிந்ததும் போய்ப் பேசினேன். வயது இருபத்தாறு. பரங்கிப்பேட்டை போகும் வழியில் ஒரு சிற்றூர். அப்பா கட்டட வேலைக்குப் போகிறவர். பள்ளிக்கூடத்தில் ஆடியதைப் பார்த்து விளையாட்டு விடுதியில் எடுத்துக்கொண்டார்களாம். அங்கிருந்து மாவட்ட அணி. பிறகு சென்னையில் ஒரு தனியார் நிறுவனத்தின் அணியில் மூன்று வருடமாக ஒப்பந்த ஆட்டக்காரர். பொங்கல் விடுப்பில் வந்தால் ஊர் அணிக்கு ஆடியே தீர வேண்டும், இல்லாவிட்டால் ஊருக்குள் நடமாட முடியாது என்றார். அந்த நிறுவனத்தில் மூன்று வருடம் தாக்குப்பிடித்தவர்களில் சிலரை நான்காவது வருடத்தில் நிரந்தர வேலைக்கு எடுத்துக்கொள்வார்கள். ஆடும் காலம் முடிந்த பிறகும் அலுவலகத்தில் ஒரு நாற்காலி. ஏப்ரலில் பட்டியல் வர வேண்டும்.

கணுக்காலைப் பிடித்த கார்னர் அவருடைய அக்கா கணவர்தான். முப்பத்தைந்து வயதிருக்கும், வாயாடி. நான் அவர் மச்சானிடம் பேசுவதைப் பார்த்துவிட்டு, தலையில் தண்ணீரை ஊற்றிக்கொண்டே வந்து நின்றார்.

"என்னா மேடம், புள்ளி எடுத்தவன வுட்டுட்டு வுழுந்தவன்கிட்ட பேட்டி எடுக்கறீங்க?"

"நான் வுழுவலன்னா நீ புடிச்ச காலு இந்நேரம் கோட்டத் தாண்டி வூட்டுக்கே போயிருக்கும் மாமா" என்றார் மச்சான்.

"போனா போவுது. பாயிண்ட்டு யாருது?"

"ஒன்னுதுதான். எடுத்துக்க. அக்காகிட்ட காட்டு, ஒரு வேளயாவது ஒழுங்கா சோறு போடும்."

எல்லோரும் சிரித்தார்கள். மாமா போன பிறகு அவர் குரலைத் தாழ்த்திக்கொண்டு என்னிடம் கேட்டதுதான் முக்கியம். கம்பெனியில் எல்லா ஆட்டக்காரர்களும் ஒரு ஃபைல் வைத்திருப்பார்களாம். சான்றிதழ்களோடு பத்திரிகையில் தங்களைப் பற்றி வந்ததையும் வெட்டி ஒட்டி வைத்திருப்பார்கள். பட்டியல் போடும்போது மேலதிகாரிகள் அதைப் புரட்டிப் பார்ப்பார்களாம்.

"ரைடர் பசங்க ஃபைலு இம்மாந்தண்டி இருக்கும் மேடம். எங்கிட்ட ரெண்டு குரூப் போட்டோதான். ஒண்ணுல பாதி மூஞ்சிதான் வுழுந்திருக்கு. ஒரே ஒரு தடவ, பேரோட, நாலு வரி வந்தாப் போதும்."

எழுதுகிறேன் என்று சொன்னேன். "காலில் அடியா?" என்று கேட்டேன்.

"அதெல்லாம் ஒண்ணுமில்ல மேடம். சும்மா பழக்கம்" என்று வேறு பக்கம் பார்த்தார்.

அதைத் தன்னடக்கம் என்று நினைத்தேன். அடி பட்டதைப் பெரிதாகச் சொல்லிக்கொள்ளாத ஆள் என்று என் நோட்டில் ஒரு குறிப்பும் எழுதினேன். அந்த நோட்டு இன்னும் இருக்கிறது.

மறுநாள் திங்கட்கிழமை. மஞ்சக்குப்பத்தில் எங்கள் அலுவலகத்தில் உட்கார்ந்து எழுதினேன். எட்டு வரியில் அடங்காது என்று ஆசிரியரிடம் சொல்லி, மாவட்டப் பக்கத்தில் கால் பக்கம் கேட்டு வாங்கினேன். பெயர் வராத ஆட்டக்காரரைப் பற்றி ஒரு கட்டுரை. எனக்கே அந்த யோசனை பிடித்திருந்தது. முதல் வரி தானாக வந்தது: 'களத்துக்குள் இறங்கும் முன் அவர் வேனுக்குப் பின்னால் போய், இடது முழங்காலில் சைக்கிள் டியூபை ஒன்பது சுற்று சுற்றிக்கொள்கிறார்.' இடப்பக்கத்திலிருந்து வலப்பக்கத்துக்கு மாறியதையும் விளக்கி எழுதினேன். மைக்கில் கத்தியவருக்குத் தெரியாத ரகசியம் எனக்குத் தெரியும் என்ற பெருமிதம் அந்தப் பத்தியில் இருந்தது.

மதியம் அவரை போனில் கூப்பிட்டு விவரங்களைச் சரிபார்த்தேன். பெயரின் முதலெழுத்து, வயது, ஊர், அப்பா தொழில், விடுதியில் சேர்ந்தது எந்த வகுப்பில். ஏழு கேள்விகள் கேட்டேன். முழங்காலைப் பற்றி எட்டாவது கேள்வி கேட்கவில்லை. அது நான் கண்ணால் பார்த்தது, கேட்டுத் தெரிந்துகொள்ள எதுவும் இல்லை என்பது என் கணக்கு.

மாலை ஐந்து மணிக்கு அவரே திரும்பக் கூப்பிட்டார். பக்கம் வடிவமைத்துக்கொண்டிருந்த நேரம்.

"மேடம், என்னா எழுதியிருக்கீங்க?"

"நல்லாத்தான் எழுதியிருக்கேன். நாளைக்குப் பேப்பர்ல பாருங்க."

"இல்ல… கொஞ்சம் படிச்சிக் காட்ட முடியுமா?"

எங்கள் தொழிலில் ஒரு வழக்கம் உண்டு. யாரைப் பற்றி எழுதுகிறோமோ அவரிடம் அச்சாகும் முன் காட்டக் கூடாது. காட்டினால் ஒவ்வொருவரும் தனக்குப் பிடிக்காததை எடுக்கச் சொல்வார்கள், பத்திரிகை விளம்பரத் தாளாகிவிடும். நான் வேலைக்குச் சேர்ந்த முதல் வாரமே சொல்லிக்கொடுத்தது இது. அமைச்சரானாலும் அதேதான், ஆலை முதலாளியானாலும் அதேதான். நெல்லிக்குப்பம் பக்கம் கரும்பு விவசாயிகள் போராட்டத்தை எழுதியபோது பெரிய இடத்திலிருந்து கேட்டும் காட்டாமல் இருந்திருக்கிறேன். அதே குரலில் இவரிடமும் சொன்னேன்.

"அது எங்க வழக்கம் இல்லீங்க."

போனில் அவருக்குப் பின்னால் ஒரு பஸ் ஹாரன் கேட்டது.

"இல்ல மேடம், அந்த… சரி வுடுங்க. நீங்க நல்லாதான் எழுதியிருப்பீங்க."

போனை வைத்துவிட்டேன். பக்கம் போய்விட்டது.

கட்டுரை வந்த அன்று அலுவலகத்துக்கு நிறைய போன். விளையாட்டு ஆசிரியர் ஒருவர், இத்தனை வருடத்தில் கவர் ஆட்டக்காரரைப் பற்றி யாரும் எழுதிப் படித்ததில்லை என்றார். எங்கள் ஆசிரியர் தலையங்கக் கூட்டத்தில் அந்த முதல் வரியை வாய்விட்டுப் படித்தார். அந்த ஆட்டக்காரரின் மாமாவும் கூப்பிட்டார். டீக்கடையில் ஒரே ஒரு பேப்பர்தான், ஊரே வரிசையில் நிற்கிறது, என் மச்சான் மாப்பிள்ளை மாதிரி உட்கார்ந்திருக்கிறான், புள்ளி எடுத்த என்னைத்தான் ஒருத்தனும் சீண்டவில்லை என்று கத்தினார். சிரித்துக்கொண்டே கேட்டேன். மச்சானிடமிருந்து மட்டும் போன் வரவில்லை. வாட்ஸப்பில் கைகூப்பும் படம் ஒன்று வந்தது. கூச்ச சுபாவம் என்று நினைத்துக்கொண்டேன்.

ஜூன் மாதம் கடலூர் மைதானத்தில் பள்ளி மாணவர்களுக்கான மாவட்டத் தேர்வு. செய்திக்குப் போனபோது அந்த மாமாவைப் பார்த்தேன். ஊர்ப் பள்ளிக்கூட அணியை அழைத்து வந்திருந்தார். நான்தான் உற்சாகமாகப் போய்ப் பேச்சுக் கொடுத்தேன். மச்சானுக்கு வேலை நிரந்தரம் ஆகிவிட்டதா என்று கேட்டேன்.

அவர் கழுத்தில் தொங்கிய விசிலைக் கழற்றிப் பையில் போட்டுக்கொண்டார்.

"ஒங்களுக்குத் தெரியாதா மேடம்?"

பிறகு சொன்னார். கட்டுரையை ஊர்க்காரர்கள் போனில் படம் பிடித்து எல்லோருக்கும் அனுப்பியிருக்கிறார்கள். அன்றைக்கே அது சென்னைக்குப் போய்விட்டது. விடுப்பு முடிந்து திரும்பியவரை அணி மேலாளர் அறைக்குக் கூப்பிட்டிருக்கிறார்.

"மேனேஜரு அந்தப் பேப்பர மேசமேல விரிச்சி வெச்சிக்கினு, 'பேண்ட்டத் தூக்குடா'ன்னாராம். இவன் தூக்கியிருக்கான். சைக்கிள் டியூபு தழும்பு அப்படியே இருக்குது. ஒடனே ஸ்கேனு. உள்ள நரம்பு எப்பவோ அறுந்து போயிருக்கு. ரெண்டு வருசமா யாருக்கும் தெரியாம ஆடியிருக்கான். எனக்கே தெரியாது, பக்கத்துல கையப் புடிச்சிக்கினு நிக்கறவன் நானு."

மார்ச் மாதமே ஒப்பந்தத்தைப் புதுப்பிக்கவில்லை என்று கடிதம் கொடுத்துவிட்டார்களாம். ஏப்ரல் பட்டியலுக்கு இன்னும் மூன்று வாரம் இருந்திருக்கிறது. நிரந்தரம் ஆன பிறகு சொல்லியிருந்தால் நிறுவனமே வைத்தியம் பார்த்திருக்கும். அதற்காகத்தான் மறைத்து வைத்திருந்தார். ஒரே ஒரு போட்டிக் காலத்தைத் தாண்டினால் போதும் என்பது அவருடைய கணக்கு.

"தப்பா எழுதிட்டேனா?" என்று கேட்டேன். மடத்தனமான கேள்வி.

"தப்பாவா? நல்லாதான் எழுதினீங்க மேடம். கொஞ்சம் ஜாஸ்தி நல்லா எழுதிட்டீங்க" என்றார். அவர் வழக்கமாகச் செய்யும் கிண்டல் தொனிதான். ஆனால் என் முகத்தைப் பார்க்கவில்லை. "தே, எங்கடா ஓடறீங்க, எல்லாம் வரிசையா நில்லுங்கடா" என்று மாணவர்களை நோக்கிப் போய்விட்டார்.

அன்று செய்தி எழுதி அனுப்பினேனா என்று நினைவில்லை. அனுப்பியிருக்க வேண்டும்.

அடுத்த சில நாட்கள் என்ன செய்யலாம் என்று யோசித்தேன். எங்கள் பத்திரிகையில் தவறாக வந்ததைத் திருத்தி வெளியிட ஓர் இடம் உண்டு. ஊர் பெயர் மாறிவிட்டால், படம் மாறிவிட்டால், மறுநாள் வருத்தம் தெரிவித்து நாலு வரி போடுவோம். என் கட்டுரையில் திருத்த எதுவும் இல்லை. டியூப் உண்மை, ஒன்பது சுற்று உண்மை, இடது முழங்கால் உண்மை. பத்திரிகைக்காரியாக நான் அதுவரை பயந்ததெல்லாம் பொய்யான ஒரு தகவல் என் பெயரில் வந்துவிடுமோ என்பதற்குத்தான். உண்மையான ஒரு தகவல் இப்படித் திரும்பி வரும் என்று யாரும் சொல்லித் தரவில்லை. நானும் யோசித்ததில்லை.

அந்த அணி மேலாளரின் எண்ணைத் தேடிப் பிடித்துப் பேசினேன். மரியாதையாகப் பேசினார். "நீங்க எழுதினது ஒரு வகையில அந்தப் பையனுக்கு நல்லதும்மா. இன்னொரு சீசன் ஆடியிருந்தா நடக்கவே முடியாமப் போயிருக்கும். டாக்டரே சொன்னார்" என்றார். அப்படியானால் அலுவலகத்திலாவது ஒரு வேலை கொடுக்கக் கூடாதா என்று கேட்டேன். ஆடுகிறவருக்குத்தான் அந்த விதி, ஆடாதவருக்கு எப்படி என்றார். அவர் சொன்னதிலும் பொய் இல்லை. இரண்டு நாள் அந்த 'நல்லது' என்ற வார்த்தையைப் பிடித்துக்கொண்டு தொங்கினேன். அலுவலகத்தில் தோழி ஒருத்தியிடம்கூட, ஒரு விதத்தில் அவர் காலைக் காப்பாற்றியிருக்கிறேன் என்று சொன்னேன். சொல்லி முடித்ததும் எனக்கே வெட்கமாக இருந்தது. அந்தக் கால் என்னுடையதல்ல. ஒரு காலைக் கொடுத்து ஒரு வேலையை வாங்கலாமா என்று முடிவு செய்ய வேண்டியவர் அவர். அந்த முடிவை எடுத்து இரண்டு வருடம் ஆகியிருந்தது. நான் அதை ஒரு கட்டுரையின் முதல் வரிக்காக மாற்றிவிட்டேன்.

அவரை நேரில் பார்க்க எனக்கு மேலும் ஐந்து மாதம் பிடித்தது. வேலை அதிகம் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். உண்மையில் பயம்.

நவம்பரில் பரங்கிப்பேட்டையில் மீன் இறங்கு தளம் பற்றி ஒரு செய்திக்காகப் போனேன். அவர் அங்கேதான் குட்டியானை ஓட்டுகிறார், அந்தச் சின்ன சரக்கு வண்டியில் சிதம்பரம் சந்தைக்கு மீன் ஏற்றிப் போகிறார் என்று மாமா ஏற்கெனவே சொல்லியிருந்தார். மழை விட்டிருந்த காலை. ஐஸ் போட்ட பெட்டிகளை வண்டியில் அடுக்கிக்கொண்டிருந்தார். கொஞ்சம் பருத்திருந்தார். என்னைப் பார்த்ததும் அடையாளம் தெரிந்துகொண்டு, ஈரக் கையைச் சட்டையில் துடைத்தார்.

"பஸ்ஸுக்கா நிக்கறீங்க மேடம்? ஏறுங்க, சிதம்பரத்துல எறக்கி வுடறேன். மீன் வாசன மட்டும்தான்."

ஏறினேன். முட்லூர் வரை அவர்தான் பேசினார். மழையில் சாலை போன போக்கு, வஞ்சிரம் வரத்து, அக்கா மகள் பள்ளிக்கூடத்தில் கபடியில் சேர்ந்திருப்பது. ரைடராகத்தான் ஆடுவேன் என்று ஒற்றைக் காலில் நிற்கிறாளாம். நல்லதுதான், கவருக்கெல்லாம் போகாதே என்று சொல்லிவிட்டேன் என்றார். ஒவ்வொரு முறை கியர் மாற்றி முடித்ததும் அவர் இடது கை நேராக இடது முழங்காலுக்குப் போனது. கிளட்ச் அந்தக் காலில்தான் மிதிக்க வேண்டும். சாலை முழுக்கப் பள்ளம் என்பதால் நிமிடத்துக்கு இரண்டு மூன்று முறை மிதித்தார். நான் ஜன்னல் பக்கம் பார்த்துக்கொண்டேன். எண்ணிவிடுவேனோ என்று பயமாக இருந்தது.

வெள்ளாற்றுப் பாலத்துக்கு முன்னால் ஒரு லாரி குறுக்கே நின்று போக்குவரத்து நின்றுவிட்டது. வண்டியை அணைத்தார். அந்த அமைதியில் கேட்டுவிட்டேன்.

"அன்னைக்குச் சாயங்காலம் போன் பண்ணீங்களே, என்ன சொல்ல வந்தீங்க?"

யோசிக்கவே இல்லை. பதில் எப்போதும் தயாராக இருந்தது போலச் சொன்னார்.

"அந்த டியூபு சமாச்சாரத்த வுட்டுடுங்கன்னு சொல்லத்தான் மேடம் பண்ணேன். நீங்க பாத்துட்டீங்க இல்ல, எழுதிடுவீங்களோன்னு ராத்திரியெல்லாம் ஒரே ரோசன."

"அப்ப ஏன் சொல்லல?"

"எப்பிடிச் சொல்றது? மொத மொத ஒருத்தர் என்னப் பத்தி எழுதறாங்க. அத எடுங்க இத எடுங்கன்னா, 'ரொம்பப் பண்றான்டா இவன்'னு கோவிச்சிக்கினு மொத்தத்தையும் எடுத்துட்டீங்கன்னா?" சிரித்தார். "ஃபைலுக்கு வேணுமே மேடம்."

லாரி இன்னும் நகரவில்லை. பின்னால் இருந்தவர்கள் ஹாரன் அடித்தார்கள். பெட்டிகளிலிருந்து ஐஸ் தண்ணீர் சாலையில் சொட்டும் சத்தம் கேட்டது. என்னை மன்னித்துவிடுங்கள் என்றேன். அவர் அதைக் கேட்காதது போல முன்னால் பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு என் பக்கம் திரும்பினார். கோபம் இல்லை. தெரிந்துகொள்ள வேண்டும் என்பது போலக் கேட்டார்.

"சொல்லியிருந்தா எடுத்திருப்பீங்களா மேடம்?"

எடுத்திருப்பேன் என்று சொல்வது எவ்வளவு சுலபம். அவரும் நம்பியிருப்பார். ஒருவேளை அது அவருக்கு இன்னும் பெரிய வேதனையாக இருந்திருக்கும், ஒரு வார்த்தை கேட்டிருந்தால் போதுமே என்று. நான் வாயைத் திறப்பதற்குள் லாரி நகர்ந்தது.

"வுடுங்க மேடம்" என்று சாவியைத் திருப்பினார். இடது காலை மிதிக்கும் முன் ஒரு மூச்சு இழுத்துக்கொண்டார்.

சிதம்பரத்தில் கீழ வீதி முனையில் இறக்கிவிட்டார். "இப்ப மீன்காரங்களப் பத்தி எழுதறீங்களா?" என்று கேட்டார். ஆமாம் என்றேன். "அவுங்ககிட்ட ஒரு வார்த்த கேட்டுட்டு எழுதுங்க" என்று சொல்லிவிட்டு வண்டியை எடுத்தார். குத்திக் காட்டினாரா, நல்ல எண்ணத்தில் சொன்னாரா என்று இன்றுவரை எனக்குத் தெரியவில்லை.

அதற்குப் பிறகு ஒரு பழக்கம் வைத்துக்கொண்டேன். அதிகாரத்தில் இருப்பவர்களைப் பற்றி எழுதுவதை இப்போதும் யாருக்கும் காட்டுவதில்லை. ஆனால் சாதாரண மனிதர் ஒருவரின் உடம்பைப் பற்றியோ வீட்டைப் பற்றியோ ஒரு வரி எழுதினால், அச்சுக்குப் போகும் முன் அவரைக் கூப்பிட்டு அந்த வரியை மட்டும் படித்துக் காட்டுகிறேன். ஆசிரியர் இருமுறை கண்டித்தார். சிலர் எடுக்கச் சொல்கிறார்கள், எடுத்துவிடுகிறேன். கட்டுரை கொஞ்சம் மங்கித்தான் போகிறது. இதனால் அவர் வேலை திரும்பி வரப் போவதில்லை என்பதும் தெரியும்.

பாலத்துக்கு முன்னால் அவர் கேட்ட கேள்விக்கு அன்று சொல்லாத பதிலை இங்கேயாவது எழுதிவிடுகிறேன். எடுத்திருக்க மாட்டேன். கட்டுரையின் உயிரே அதில்தான் இருக்கிறது என்று அவரிடம் வாதாடியிருப்பேன், அவரைச் சம்மதிக்கவும் வைத்திருப்பேன். இது தெரிந்திருப்பதால்தான், நன்றாக அமைந்துவிட்டது என்று தோன்றும் எந்த வரியைக் கண்டாலும், இது யார் வாழ்க்கையிலிருந்து எடுத்தது என்று பார்க்காமல் இன்றுவரை என்னால் அதைத் தாண்டிப் போக முடிவதில்லை.